தொரப்பள்ளி தந்த தூதர்

திருவள்ளுவர் பொருட்பாலில் தூதுக்கென ஓர் அதிகாரம் வகுத்தார். அறத்துப்பாலில் நடுவுநிலைமைக்கென மற்றோர் அதிகாரம் வகுத்தார். இவ்விரண்டையும் ஒருசேர வைத்துக் கற்போர்க்கு ஓர் உண்மை புலப்படும். நடுவுநிலை உள்ளத்தில் இல்லாதவன் எத்துணைச் சொல்வல்லவனாயினும் அவனது தூது பயன் தராது. எதிரே அமர்ந்திருப்பவனின் நியாயத்தையும் தன் நாவால் எடுத்துரைக்க வல்லவனே இரு தரப்பையும் இணைக்கும் பாலமாவான். இவ்வுண்மைக்கு எடுத்துக்காட்டாகும் வாழ்வு ஒன்று, நாம் வாழும் இக்கிருஷ்ணகிரி மாவட்டத்து மண்ணிலேயே தோன்றியது. ஓசூரை அடுத்த தொரப்பள்ளியில் 10-12-1878 அன்று பிறந்து, சேலத்தில் வழக்குரைஞராகித் தேசத்தின் தலைமைப் பதவி வரை உயர்ந்து, முதுமையில் உலக அமைதிக்காகத் தூது சென்ற மூதறிஞர் இராஜாஜி அவர்களின் வாழ்வே அது.

அவரை முழுமையாகப் போற்றுவதற்காகவோ முழுமையாகத் தூற்றுவதற்காகவோ இக்கட்டுரை எழுதப்படவில்லை. அவர் எதிர்த்தரப்பின் குரலுக்குச் செவிசாய்த்த போதெல்லாம் உயர்ந்தார். செவிசாய்க்க மறந்த போதெல்லாம் சறுக்கினார் என்பதே எம் கருத்து. எல்லைப்புறத்தில் வாழும் நம் மாணவச் செல்வங்களுக்கு இதனினும் சிறந்த பாடம் வேறு உண்டோ?

எல்லை மண்ணின் இயல்பு

அஞ்செட்டியில் நின்று பார்ப்போர்க்கு இம்மண்ணின் இயல்பு எளிதில் விளங்கும். ஒரு சாலை தேன்கனிக்கோட்டை வழியாக ஓசூருக்குச் செல்கிறது. மற்றொன்று நாட்றாம்பாளையம் வழியாக ஒகேனக்கல் நோக்கி இறங்குகிறது. மலைக்கும் காட்டுக்கும் அப்பால் கன்னட நாடு. காவிரிக்கு அக்கரையிலுள்ள கொள்ளேகால் வட்டம் 1956ஆம் ஆண்டு மாநிலச் சீரமைப்பின்போது கோயமுத்தூர் மாவட்டத்திலிருந்து பிரிக்கப்பட்டு மைசூர் மாநிலத்தோடு இணைக்கப்பட்டது. ஓசூர்ப் பகுதியோ தமிழகத்திலேயே நின்றது. வரைபடத்தில் கோடு விழுந்ததேயன்றி மக்களின் நாவில் கோடு விழவில்லை. இங்குள்ள சந்தைகளில் தமிழும் கன்னடமும் தெலுங்கும் உருதுவும் ஒரே பொழுதில் ஒலிக்கும். விற்பவர் ஒரு மொழியில் விலை கூறுவார். வாங்குபவர் மற்றொரு மொழியில் குறைத்துக் கேட்பார். பேரம் மட்டும் தடையின்றி முடியும்.

இத்தகைய மண்ணில்தான் இராஜாஜி பிறந்தார். அவருடைய தந்தையார் தொரப்பள்ளியின் கிராம முன்சீப். ஊரின் சிறு வழக்குகளும் வரப்புத் தகராறுகளும் அவ்வீட்டுத் திண்ணைக்கு வந்திருக்கும் என்பதில் ஐயமில்லை. சிறுவர் ஓசூரில் பள்ளிக் கல்வி பெற்றார். பின்னர் எல்லை கடந்து பெங்களூர் மத்தியக் கல்லூரியில் பயின்றார். சென்னையில் சட்டம் கற்றார். 1900ஆம் ஆண்டில் சேலத்தில் தொழிலைத் தொடங்கினார். அந்நாளில் ஓசூரும் அஞ்செட்டியும் அடங்கிய நிலப்பரப்பு முழுவதும் சேலம் மாவட்டமே. 1965இல் தருமபுரி மாவட்டமும், 2004இல் கிருஷ்ணகிரி மாவட்டமும் அதிலிருந்து படிப்படியாகக் கிளைத்தவை.

வழக்காடுமன்றம் கற்பித்த பாடம்

வழக்குரைஞர் தொழிலின் முதற்பாடம் யாது? எதிர்த்தரப்பின் வழக்கை எதிர்த்தரப்பாரைக் காட்டிலும் நன்கு அறிந்திருத்தல். தன் கட்சிக்காரனின் கூற்றை மட்டுமே மனப்பாடம் செய்துகொண்டு மன்றம் ஏறுபவன் முதற்குறுக்கு விசாரணையிலேயே நிலைகுலைவான். இராஜாஜி இப்பாடத்தில் தேர்ந்தவர். சேலத்தில் மிகுந்த வருவாயும் புகழும் பெற்ற வழக்குரைஞராக அவர் விளங்கினார். 1918ஆம் ஆண்டில், அரசுக்கு எதிராகப் பேசியதாகத் தொடரப்பட்ட இராஜத்துரோக வழக்கில் டாக்டர் பெ. வரதராஜுலு நாயுடுவுக்காக வாதாடினார். 1917 முதல் 1919 வரை சேலம் நகராட்சித் தலைவராகவும் பணிபுரிந்தார். அறிவியற் சொற்களைத் தமிழில் ஆக்குதற்கென 1916இல் சேலத்தில் சங்கமொன்று கண்டவரும் அவரே. தமிழ்த்துறை மாணவர்கள் இதனை மறத்தலாகாது.

காந்தியடிகள் ஒத்துழையாமை இயக்கத்தைத் தொடங்கியபோது, பொன் கொழிக்கும் அத்தொழிலை அவர் துறந்தார். 1921 இறுதியில் வேலூர்ச் சிறை புகுந்தார். 1930இல் திருச்சியிலிருந்து வேதாரணியம் வரை உப்பு அறப்போர்ப் படையை நடத்திச் சென்றார். அவர் துறந்தது வழக்குரைஞரின் வருவாயை மட்டுமே. வழக்குரைஞரின் அறிவை இறுதிவரை துறந்தாரில்லை. அவ்வறிவை அவர் கைவிட்ட தருணங்கள் சில உண்டு. அவற்றையும் மறையாது கூறுதலே நேர்மை.

முதற் சறுக்கல்

1937ஆம் ஆண்டு சூலைத் திங்களில் சென்னை மாகாணத்தின் முதல் அமைச்சரானார். அதே ஆண்டு அக்டோபர் முதல் நாள் மதுவிலக்கைச் சேலம் மாவட்டத்தில் முதன்முதலாக நடைமுறைப்படுத்தினார். ஓசூர்ப் பகுதியின் மலைக் கிராமங்களும் அத்திட்டத்தின் எல்லைக்குள் வந்தன. மது ஒழிப்பைச் சமயக் கடமையாகக் கருதும் நம் சமுதாயம் இதனை நன்றியோடு நினைவுகூர வேண்டும். வேளாண்மைக் கடன் நிவாரணமும், தாழ்த்தப்பட்ட மக்களின் ஆலய நுழைவுக்குத் துணைநின்ற சட்டமும் அவ்வாட்சியின் நற்பயன்களாகும்.

எனினும் 1938இல் பள்ளிகளில் இந்தியைக் கட்டாயப் பாடமாக்கியபோது, எதிர்த்தரப்பின் குரலைக் கேட்கும் செவி அவரிடம் மூடிக்கொண்டது. தமிழகமெங்கும் கிளர்ச்சி எழுந்தது. ஆயிரக்கணக்கானோர் சிறை சென்றனர். நடராசனும் தாளமுத்துவும் 1939இல் காவலில் உயிர் நீத்தனர். அப்போராட்டத்தில் முஸ்லிம்களின் பங்கும் பெரிது. சட்டமன்றத்தில் முஸ்லிம் லீகைச் சேர்ந்த பி. கலிபுல்லா எழுந்து, தாம் ஒரு இராவுத்தர் என்றும், தம் தாய்மொழி உருது அன்று, தமிழே என்றும், அதனைக் கூறுவதில் தமக்கு நாணமில்லை, பெருமையே உண்டு என்றும் முழங்கினார். முஸ்லிம் என்றால் உருது பேசுபவர் என்றும், இந்துஸ்தானியை அவர்கள் வரவேற்பர் என்றும் எண்ணியிருந்தோர்க்கு அது தக்க விடையாயிற்று. நான்கு மொழிகள் ஒலிக்கும் மண்ணில் பிறந்த ஒருவர், மொழி என்பது மனிதனின் மானத்தோடு பிணைந்தது என்பதை அன்று எண்ணிப் பார்த்திருக்க வேண்டும். 1939இல் அவருடைய அமைச்சரவை விலகியபின், 1940 பிப்ரவரியில் அவ்வாணை திரும்பப் பெறப்பட்டது.

பின்னாளில் இந்தியை ஆட்சிமொழியாகத் திணிப்பதை இராஜாஜி கடுமையாக எதிர்த்தார் என்பதும் வரலாறு. அவர் முரண்பட்டார் என்று சிலர் நகைப்பர். எதிர்த்தரப்பின் வாதத்திலிருந்த உண்மையைக் காலம் கடந்தேனும் ஏற்றுக்கொண்டார் என்பதே எம் துணிபு. தவறான தீர்ப்பை மேல்முறையீட்டில் தாமே திருத்திக்கொண்ட நீதிபதியை இகழ்தல் தகுமோ?

1944: கேட்பாரற்றுப் போன தூது

இராஜாஜியின் வாழ்வில் நம் சமுதாயம் ஆழ்ந்து கற்கவேண்டிய பகுதி 1942 முதல் 1944 வரையுள்ள மூன்றாண்டுகளாகும். காங்கிரசும் முஸ்லிம் லீகும் ஒன்றையொன்று நம்பாத காலம் அது. லீகின் கோரிக்கையை அடியோடு மறுப்பதால் விடுதலை தள்ளிப்போகுமேயன்றித் தீர்வு கிட்டாது என அவர் கருதினார். 1942 ஏப்ரலில் அக்கோரிக்கையைக் கொள்கை அளவில் ஏற்கவேண்டும் என்னும் தீர்மானத்தைச் சென்னைச் சட்டமன்றக் காங்கிரஸ் கட்சி அவருடைய முயற்சியால் நிறைவேற்றியது. அலகாபாத்தில் கூடிய அகில இந்தியக் காங்கிரஸ் கமிட்டி அக்கருத்தைப் பெரும்பான்மையால் புறந்தள்ளியது. அவர் பொறுப்புகளிலிருந்து விலகினார். காங்கிரசை விட்டும் நீங்கினார். சொந்தக் கட்சியினரே அவரைத் துரோகி என ஏசினர். கூட்டத்தோடு ஒட்டி நின்றிருந்தால் கைதட்டல் கிடைத்திருக்கும்; அவர் தனித்து நின்றார்.

காந்தியடிகளின் இசைவைப் பெற்று அவர் வகுத்த திட்டமே 1944இல் வெளியிடப்பட்ட இராஜாஜி திட்டமாகும். விடுதலைக் கோரிக்கையை லீக் ஆதரிக்க வேண்டும்; போருக்குப்பின், வடமேற்கிலும் கிழக்கிலும் முஸ்லிம்கள் பெரும்பான்மையாக வாழும் தொடர்ச்சியான மாவட்டங்களை ஓர் ஆணையம் வரையறுக்க வேண்டும்; அங்கு வாழும் மக்கள் அனைவரும் வாக்களித்துத் தம் எதிர்காலத்தை முடிவு செய்ய வேண்டும்; பிரிவினை நேருமாயின் பாதுகாப்பு, வாணிகம், போக்குவரத்து ஆகியவற்றிற்கு இரு நாடுகளும் உடன்படிக்கை செய்துகொள்ள வேண்டும்; மக்கள் இடம்பெயர்தல் அவரவர் விருப்பத்தின்பாற்பட்டதாகவே இருக்க வேண்டும். இவையே அதன் சாரம்.

அத்திட்டத்தில் இன்னொரு நுட்பமும் உண்டு. பிரிவினை முடிவானாலும், எல்லையோர மாவட்டங்கள் எந்நாட்டோடு சேரலாம் என்பதைத் தாமே தேர்ந்துகொள்ளும் உரிமை காக்கப்பட வேண்டும் என்று அது கூறியது. தலைநகரில் அமர்ந்து கோடு போடுவோர்க்கு எல்லையில் வாழ்வோரின் வலி எளிதில் தோன்றாது. தொரப்பள்ளியில் பிறந்தவருக்கு அது தோன்றியதில் வியப்பில்லை.

1944 செப்டம்பர் 9 முதல் 27 வரை பம்பாயில் ஜனாப் ஜின்னாவின் இல்லத்தில் காந்தியடிகள் இத்திட்டத்தின் அடிப்படையில் பேச்சு நடத்தினார். பயன் விளையவில்லை. ஒரு தரப்பு, கொடுத்தது மிகுதி என்றது. மறுதரப்பு, கிடைத்தது குறைவு என்றது. மூன்றாண்டுகளில் பிரிவினை வந்தே தீர்ந்தது. ஆனால் வாக்கெடுப்பும் உடன்படிக்கையும் விருப்பமும் அங்கே பின்தள்ளப்பட்டன. பஞ்சாபிலும் வங்கத்திலும் சில வாரங்களுக்குள் வரையப்பட்ட கோடு குருதியில் நனைந்தது. ஒரு கோடிக்கும் மேற்பட்டோர் வீடு வாசல் இழந்து புலம்பெயர்ந்தனர். இராஜாஜி திட்டம் ஏற்கப்பட்டிருந்தால் அனைத்தும் நலமாய் முடிந்திருக்கும் என அறுதியிட்டுக் கூற யாராலும் இயலாது. எனினும் வெறுப்பில் வெட்டிக்கொள்வதற்கும் பேசிப் பிரிவதற்கும் இடையே உள்ள வேறுபாட்டை அது முன்கூட்டியே உணர்த்தியது.

இங்கே ஹுதைபிய்யா உடன்படிக்கை நினைவுக்கு வருகிறது. கி.பி. 628இல் குறைஷியரின் தூதர் சுஹைல், ஒப்பந்த ஏட்டில் ‘இறைத்தூதர்’ என்னும் சொல் இடம்பெறலாகாது என்று வாதிட்டார். தோழர்கள் கொதித்தனர். நபிகள் நாயகம் (ஸல்) அவர்களோ அச்சொல்லை நீக்கி, தந்தையாரின் பெயரோடு தம் பெயரை எழுதுவதற்கு இசைந்தார்கள். அன்று தோல்வியாகத் தோன்றியது நாளடைவில் மாபெரும் வெற்றியாயிற்று. நபிகளாரின் நிறைவாழ்வோடு வேறெவரையும் ஒப்பிடுதல் எம் நோக்கமன்று. விட்டுக்கொடுத்தலைக் கோழைமை எனக் கருதும் இக்காலத்து இளைஞர்க்கு, அதன் பின்னுள்ள வீரத்தை உணர்த்துதற்கே இதனைச் சுட்டினோம்.

உயர்வும் மற்றுமொரு சறுக்கலும்

தனித்து நின்றவரைத் தேசம் மீண்டும் அழைத்தது. பிரிவினையின் புண் ஆறாத வங்கத்திற்கு 1947 ஆகஸ்டில் ஆளுநராக அனுப்பப்பட்டார். 1948 சூன் முதல் 1950 சனவரி 26 வரை இந்தியாவின் தலைமை ஆளுநராக விளங்கினார். அப்பதவியை வகித்த ஒரே இந்தியரும் அவரே. இறுதியாக வகித்தவரும் அவரே. அவர் பெயரால் இன்று இராஜாஜி மண்டபம் என வழங்கும் சென்னை மண்டபத்தில்தான், 10-3-1948 அன்று கண்ணியத்திற்குரிய காயிதே மில்லத் முகம்மது இஸ்மாயில் சாகிப் தலைமையில் இந்திய யூனியன் முஸ்லிம் லீக் உருவாயிற்று என்பதும் ஈண்டு நினைக்கத்தக்கது.

1952இல் மீண்டும் சென்னையின் முதலமைச்சரானார். உணவுக் கட்டுப்பாட்டை நீக்கி மக்களின் பாராட்டைப் பெற்றார். 1953இல் கிராமத் தொடக்கப் பள்ளிகளில் பாடவேளையைக் குறைத்து, எஞ்சிய பொழுதில் பிள்ளைகள் பெற்றோரின் தொழிலைக் கற்கலாம் எனத் திட்டமிட்டார். பள்ளிகள் போதாத நிலையில் மிகுதியான பிள்ளைகளுக்கு இடமளிக்கலாம் என்பது அவருடைய கணக்கு. ஆனால் தலைமுறை தலைமுறையாகக் கல்வி மறுக்கப்பட்ட மக்களின் செவியில் அக்கணக்கு எவ்வாறு ஒலிக்கும் என அவர் கேட்டறியவில்லை. ‘குலக்கல்வித் திட்டம்’ என்னும் பெயர் அதன்மேல் நிலைத்துவிட்டது. தந்தை பெரியாரும் திராவிட முன்னேற்றக் கழகத்தாரும் எதிர்த்தனர்; காங்கிரசாரிலும் பலர் எதிர்த்தனர். 1954 ஏப்ரலில் அவர் பதவி விலகினார். அடுத்து வந்த காமராசர் அத்திட்டத்தைக் கைவிட்டார். எதிர்த்தரப்பைக் கேளாத தீர்ப்பு எத்துணை அறிவாளி வழங்கினும் நிலைப்பதில்லை என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

வெள்ளை மாளிகையில் தொரப்பள்ளியின் குரல்

பதவி ஏதுமற்ற முதுமையில்தான் அவர் முழுமையான தூதரானார். அணுகுண்டுச் சோதனைகள் பெருகிய காலம் அது. காந்தி அமைதி நிறுவனத்தின் தூதுக்குழுவுக்குத் தலைமை தாங்கி, ஆர்.ஆர். திவாகர், பி. சிவராவ் ஆகியோருடன் அமெரிக்கா சென்றார். 28-9-1962 அன்று குடியரசுத் தலைவர் கென்னடியைச் சந்தித்தார். அப்போது அவருக்கு எண்பத்து நான்காம் அகவை நடந்துகொண்டிருந்தது. மேலை நாட்டிற்கு அவர் சென்ற முதற்பயணமும் அதுவே. ஒதுக்கப்பட்ட நேரத்தையும் கடந்து உரையாடல் நீண்டது. அணுச் சோதனையை முதலில் நிறுத்துபவருக்கு நேரும் அச்சம் யாது என்பதை உணர்ந்து, அவ்வச்சத்திற்கு விடை கூறும் வகையில் வாதிடுவது வழக்குரைஞர்க்கே உரிய திறம். அடுத்த மாதமே கியூபா நெருக்கடியில் உலகம் அணுப்போரின் விளிம்பைக் கண்டது. 1963 ஆகஸ்டில் வான்வெளியிலும் நீருக்கடியிலும் அணுச் சோதனைகளைத் தடைசெய்யும் உடன்படிக்கை மாஸ்கோவில் கையெழுத்தாயிற்று. அதற்குக் காரணம் இத்தூது ஒன்றே எனக் கூறுவது மிகை. உலகின் மனச்சான்றைத் தட்டிய கைகளுள் நம் மாவட்டத்துக் கை ஒன்றும் இருந்தது என்பது மிகையன்று.

1967 தேர்தலில் அவருடைய சுதந்திராக் கட்சியும், ஒருகாலத்தில் அவரை எதிர்த்துச் சிறை சென்ற பேரறிஞர் அண்ணாவின் கழகமும், காயிதே மில்லத்தின் முஸ்லிம் லீகும் ஓரணியில் நின்றன. பழம்பகை மறந்து ஒரு மேடையில் அமர்வதற்கு அம்மூவருக்கும் உள்ளம் இருந்தது. 25-12-1972 அன்று இராஜாஜி மறைந்தார். அவர் பிறந்த தொரப்பள்ளி இல்லம் இன்று நினைவிடமாக விளங்குகிறது.

நாம் செய்ய வேண்டுவது

இந்தியைத் திணித்தவரை, குலக்கல்வி கொணர்ந்தவரை நம் மலரில் ஏன் நினைக்க வேண்டும் எனப் பெரியோர் சிலர் வினவலாம். வினா நியாயமானதே. பகைவரிடத்தும் நீதி வழுவலாகாது எனத் திருமறை பணிக்கிறது. ஒருவரின் குறையைக் கூறுமிடத்து நிறையையும் கூறுதலே நமக்கு விதிக்கப்பட்ட சாட்சியம்.

அன்றியும் தூதுவர் தேவைப்படும் நிலம் நம்முடையது. 1991 திசம்பரிலும் 2016 செப்டம்பரிலும் காவிரிச் சிக்கலால் கருநாடகத்தில் வன்முறை மூண்டது. 2016இல் ஓசூர் எல்லையில் பேருந்துகள் நின்றன. தொழிலாளர் மூட்டை முடிச்சுகளோடு நடந்தே எல்லை கடந்தனர். 2008இல் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டத்தை முன்னிட்டும் பதற்றம் எழுந்தது. அத்தகைய நாள்களில் கல்லெடுப்பவர் பலர். இரு மொழியும் அறிந்து இரு பக்கத்து நியாயமும் கூறி, கூட்டத்தின் நடுவே நிற்பவர் சிலரே. அச்சிலரை யார் உருவாக்குவது? அஞ்செட்டி மலைக் கிராமத்தில் யானை அழித்த பயிருக்கு இழப்பீடு கோரும் உழவனுக்கும், 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டத்தின் பயனை அறியாத பழங்குடிக்கும், ஓசூர்த் தொழிற்பேட்டையில் ஒப்பந்தக் கூலியாய் உழைக்கும் இளைஞனுக்கும் சட்டத்தின் வாயிலைத் திறந்துவிடுபவர் யார்?

எம் வேண்டுகோள் மூன்று. முதலாவது, நம் பட்டதாரி மாணவ மாணவியருள் ஆண்டுதோறும் சிலரேனும் சட்டம் பயில வேண்டும். மருத்துவமும் பொறியியலும் பயில்வோர்க்கு உதவித்தொகை வழங்கும் செல்வர்கள் சட்டக் கல்விக்கும் கைகொடுக்க வேண்டும். தருமபுரியிலும் சேலத்திலும் அரசு சட்டக் கல்லூரிகள் உள்ளன. தொலைவு ஒரு தடையன்று. இரண்டாவது, எல்லைப்புறத்து மாணவர்கள் தமிழில் புலமை பெறுவதோடு கன்னடத்தையும் எழுதப் படிக்கக் கற்க வேண்டும். தாய்மொழிப் பற்றுக்கு அது இழுக்கன்று. கலிபுல்லா சாகிபைப் போல் தலைநிமிர்ந்து தமிழன் எனக் கூறுபவனே அயல்மொழியை அச்சமின்றிக் கற்பான். மூன்றாவது, தமிழ்த்துறை நடத்தும் பட்டிமன்றங்களில் ஒரு சிறு மாற்றம் வேண்டும். எந்த அணியில் பேசுவது என்பதை மேடையேறுவதற்குச் சற்றுமுன் குடவோலை முறையில் முடிவு செய்யலாம். அவ்வாறாயின் ஒவ்வொரு மாணவரும் இரு தரப்பையும் ஆய்ந்து ஆயத்தமாக வேண்டிவரும். தன் கருத்துக்கு மாறான கருத்தை ஒருமுறையேனும் நேர்மையாகப் பேசிப் பழகியவன், வாழ்நாள் முழுதும் பிறரை எளிதில் வெறுக்கமாட்டான்.

தொரப்பள்ளிக்கும் வெள்ளை மாளிகைக்கும் இடையே உள்ள தொலைவை ஒரு கிராம முன்சீப்பின் மகன் கடந்தார். அவர் ஏறிய படிகளையும் அவர் இடறிய படிகளையும் நம் மாணவர்கள் ஒருசேரக் கண்டறியட்டும். இடறிய இடங்களில் எச்சரிக்கையோடும், ஏறிய இடங்களில் துணிவோடும் காலூன்றட்டும். நடுநிலை தவறாத நாவையும், மாற்றாரின் துயரைக் கேட்கும் செவியையும் எல்லாம் வல்ல இறைவன் நம் இளந்தலைமுறைக்கு அருள்வானாக!